தூக்குக்குண்டு

மழைக்கு முன்னால் நான்கு வரி சொல்லியிருந்தேன்.
இது நாகூர் தர்கா. அது தியான் ஹொக் கெங்.
கப்பலை விட்டு இறங்கியவர்கள்
உயிரோடு வந்து சேர்ந்ததற்கு
முதலில் நன்றி சொன்ன இடங்கள்.
பதினொரு வருடமாகச் சொல்கிறேன்,
எங்கே மூச்சு வாங்குவது என்பதும் மனப்பாடம்.

தெலுக் ஆயர் தெரு முழுக்கக் கொட்டியது.
ஐந்தடியில் ஒதுங்கினோம், அங்கிருந்து கோப்பிக்கடை.
அவர் பெயர் ரெஃபூகியோ.
மெக்சிகோ நகரத்தில் மண் பொறியாளர்.
மாநாடு முடிந்து விமானம் ஏறுமுன்
இரண்டு மணி நேரத்துக்கு என்னை அமர்த்தியிருந்தார்.

"கடல் எங்கே?"
எல்லாரும் கேட்பதுதான்.
"இங்கேதான் இருந்தது" என்று தரையைக் காட்டினேன்.
மற்றவர்கள் சிரிப்பார்கள், படம் எடுப்பார்கள்.
அவர் குனிந்து தரையைப் பார்த்தார்,
எங்கோ பார்த்த முகம் என்பதுபோல.

"எங்கள் ஏரியையும் இப்படித்தான் தூர்த்தார்கள்.
உட்காருங்கள், ஜெய்லானி.
இனி நான் கூட்டிப்போகிறேன்."

மேசைதான் சதுக்கம்.
காயா ரொட்டியை நிறுத்திவைத்தார், அது பேராலயம்.
முட்டைக் கிண்ணத்தைப் பக்கத்தில் கவிழ்த்தார்,
அது பழைய கோயில்.
இதை இடித்து, இந்தக் கல்லையே சுமந்துபோய்
அதைக் கட்டினார்கள்.
எழுபத்தெட்டில் மின்சாரக் கம்பிக்குத் தோண்டியவர்கள்
மண்வெட்டி இடறி நின்றார்களாம்:
வட்டக் கல்லில்
கை வேறு கால் வேறாக ஒரு தேவி,
தம்பி வெட்டிப் போட்ட அக்காள்.
கடைக்காரர் கோப்பி ஓ கொண்டுவந்து
எங்கே வைப்பதென்று தெரியாமல் நின்றார்.
"ஏரியில் வையுங்கள்" என்றார் ரெஃபூகியோ.

வடக்கே, மேசை விளிம்பில், மிளகுத்தூள் டப்பா.
அது குவாதலூப்பே மாதா.
மாநிறத்தாள், நம் சாயல் என்று
என் கையைத் தன் கையோடு வைத்துக் காட்டினார்.
படத்தின்முன் யாரும் நிற்க முடியாது,
நகரும் நடைபாதை இழுத்துக்கொண்டு போய்விடும்.
"சாங்கியில் இருக்கிறதே, அதுபோலவா?"
"அதேதான். ஆனால் அங்கே
இறங்கினவர்கள் சுற்றிவந்து மறுபடி ஏறுவார்கள்.
என் அம்மா ஒன்பது முறை ஏறினார்.
எனக்குக் கணிதத் தேர்வு."
"தேறினீர்களா?"
"இரண்டாவது தடவை."

பிறகு குரலைத் தாழ்த்தினார்.
பேராலயத்தின் உச்சியிலிருந்து ஒரு கம்பி தொங்குகிறது,
நுனியில் குண்டு.
கட்டடம் புதையப் புதைய, சாயச் சாய
தரையில் அதன் இடம் மாறிக்கொண்டே வரும்.
"குண்டு நகர்கிறது என்பார்கள் பார்க்க வருகிறவர்கள்.
இல்லை, அது ஒன்றுதான் நகரவில்லை
என்று புரியவைப்பதற்குள்
அடுத்த கூட்டம் வந்துவிடும்."

கேட்காமலே என் கழுத்திலிருந்து
உரிம அட்டையைக் கழற்றினார்.
நாடாவை இரு விரலில் பிடித்து
மேசைக்கு மேலே தொங்கவிட்டார்.
என் புகைப்படம் சுழன்றது, ஆடியது, நின்றது.
கோப்பைக்குள் பார்த்தேன்:
கோப்பி ஒரு பக்கம் ஏறி நிற்கிறது.

"மேசைக்கால் குட்டை" என்றேன் அவசரமாக.
"எல்லாரும் முதலில் மேசையைத்தான் சொல்வார்கள்"
என்றார்.

மழை விட்டது.
தர்காவின் வாசலில் நின்று
மீதியைச் சொல்லத் தொடங்கினேன்.
'கடல் இங்கே இருந்தது' என்ற இடத்தில்
வழக்கமாய் வாங்கும் மூச்சு வரவில்லை.
'இருந்தது'தானா என்று
முதன்முறையாக ஒரு சந்தேகம்.
அவர் காத்திருந்தார்.
கால் மாற்றி நின்றேன்.

முழுப் பணமும் கொடுத்தார்.
பாதிதான் என்னுடையது என்றேன்,
டாக்சிக் கதவை மூடிக்கொண்டார்.

குடையை மறந்து கோப்பிக்கடைக்குத் திரும்பினால்
மேசை துடைக்கிற அம்மா
அப்போதுதான் கவிழ்ந்த கிண்ணத்தைத் தூக்குகிறார்.
அடியில்
முட்டை வெள்ளையும் கறுப்பு சோயாவும் ஒட்டிய
ஒரு வட்டம்.
"இதை யார் இப்படி வைத்தது?" என்று சீனத்தில் திட்டியபடி
இரண்டு முறை தேய்த்தார்.
போகவில்லை.